லவ் பேர்ட்ஸ் சோர்ந்து உட்கார்ந்தால்

பாப்பாரப்பட்டி, பென்னாகரம், தருமபுரிப் பக்கத்து வீடுகளில் ‘லவ் பேர்ட்ஸ்’ என்று சொல்லி வளர்ப்பது பெரும்பாலும் பட்ஜி என்ற சிறு கிளியைத்தான். அதன் சொந்த மண் ஆஸ்திரேலியா. 1840-இல் ஜான் கூல்ட் என்ற பறவையியலாளர் இங்கிலாந்துக்கு உயிரோடு கொண்டுபோன பிறகு உலகம் முழுக்கப் பரவியது. காய்ந்த புல்வெளிகளில் கூட்டம் கூட்டமாகத் திரிந்து புல்விதை தின்று வாழ்ந்த பறவை அது. கூட்டத்தில் எது தளர்ந்து தெரிகிறதோ அதைத்தான் பருந்து முதலில் தூக்கும். அதனால் உடம்புக்கு முடியாததை முடிந்த மட்டும் வெளிக்காட்டாமல் இருப்பது அதன் பிறவிக் குணம். ஆள் கிட்டே போனால் இறகை ஒடுக்கி நிமிர்ந்து நிற்கும். தீனிக் கிண்ணத்தில் கொத்துவதுபோலக் கூடக் காட்டும். நாம் நகர்ந்ததும் மறுபடி உப்பிக்கொண்டு குந்திவிடும்.

“நேத்து வரைக்கும் நல்லாத்தாண்ணா இருந்துச்சு, காலையில பார்த்தா கூண்டு அடியில கெடக்குது” என்ற பேச்சைக் கேட்காத பறவைக் கடைக்காரர் இருக்க முடியாது. நேற்று அது நன்றாக இருந்திருக்காது. பல நாளாகவே உள்ளுக்குள் நோயோடு இருந்திருக்கும். நம் கண்ணுக்குச் சோர்வு தெரியும்போது பாதிக்கு மேல் காலம் கடந்திருக்கும். அந்த நாட்களை எப்படி மீட்பது, சோர்வு தெரிந்த அன்றைக்கே என்ன செய்வது என்ற இரண்டையும் இந்த அத்தியாயத்தில் பார்ப்போம்.

தூக்கமா, சோர்வா

நல்ல பட்ஜி இரவில் 10 முதல் 12 மணி நேரம் தூங்கும். மதியம் வெயில் ஏறியதும் கொஞ்சம் கண்ணயரும். அப்போது ஒற்றைக் காலில் நிற்கும், தலையைப் பின்னால் திருப்பி முதுகு இறகுக்குள் செருகிக்கொள்ளும், தூங்கப் போகுமுன் அலகை நறநறவென்று அரைக்கும். இவையெல்லாம் நிம்மதியின் அடையாளம். பக்கத்தில் ஒரு தட்டு விழுந்தால் சட்டென்று விழித்துக் கத்தும்.

நோயில் வரும் தூக்கம் வேறு மாதிரி. மற்றவை கூச்சலிட்டுப் பறக்கும் காலை நேரத்திலும் ஒன்று மட்டும் ஒதுங்கி, இரண்டு காலாலும் குச்சியைப் பற்றிக்கொண்டு, பஞ்சு உருண்டையாக உப்பி, கண்ணைப் பாதி மூடி உட்கார்ந்திருக்கும். மூச்சுக்கு மூச்சு வால் மேலும் கீழும் ஆடினால் மூச்சுவிடவே சிரமப்படுகிறது என்று பொருள். குச்சியை விட்டு இறங்கிக் கூண்டுத் தரையின் மூலையில் குந்திவிட்டால் அன்றைக்கே மருத்துவரிடம் போயாக வேண்டும்.

நோயில்லாமலும் சில நாள் மந்தமாக இருப்பதுண்டு. 3, 4 மாதத்தில் முதல்முறை இறகு உதிரும்போது கலகலப்பு குறையும். கடையிலிருந்து வந்த புதுப் பறவை இரண்டு மூன்று நாள் ஒடுங்கிக் கிடக்கும். இரவில் தினைக்கு ஆசைப்பட்டு எலி வந்து போகிற கூண்டில் பறவைகள் பகலில் தூங்கி வழியும். பதினோரு மணி வரை டிவி ஓடும் கூடத்தில் தொங்கும் கூண்டிலும் அப்படித்தான். இந்த மந்தத்தில் ஒரு விஷயம் மட்டும் மாறாது: பறவை வழக்கம்போலத் தின்னும், எடை பெரிதாகக் குறையாது.

கோழி பிடித்த கை

நம் ஊரில் கோழி வாங்குகிறவர் முதலில் செய்வது என்ன? கையில் தூக்கி நெஞ்சைத் தடவிப் பார்ப்பார். இரண்டு பக்கமும் சதை இருக்கிறதா, நடு எலும்பு கத்தி முனைபோலக் கையில் தட்டுகிறதா என்று விரல் சொல்லிவிடும். பட்ஜிக்கும் அதே பரீட்சைதான். தலையை ஆள்காட்டி விரலுக்கும் நடுவிரலுக்கும் இடையே மெதுவாகப் பிடித்து, உடம்பை உள்ளங்கையில் படுக்க வைத்து, மறு கையின் விரலால் நெஞ்செலும்பைத் தடவுங்கள். நெஞ்சை அழுத்திப் பிடிக்கவே கூடாது. பறவைக்கு நம்மைப்போல உதரவிதானம் கிடையாது. நெஞ்சுக்கூடு விரிந்து சுருங்கினால்தான் அதற்கு மூச்சு. பிடி இறுகினால் கையிலேயே மூச்சுத் திணறிப் போய்விடும்.

விரலைவிட நம்பகமானது தராசு. 1 கிராம் துல்லியமாகக் காட்டும் சமையலறை டிஜிட்டல் தராசு போதும். சாதாரண பட்ஜியின் எடை 30 முதல் 40 கிராம். வாரத்தில் ஒரே கிழமை, காலையில் தீனி வைக்கும் முன், ஒரு சின்ன டப்பாவுக்குள் விட்டு நிறுத்து, காலண்டரில் குறித்து வையுங்கள். 36 கிராம் இருந்தது 33 ஆனால் நமக்கு மூன்றே கிராம்தான். அதற்கோ உடம்பில் பன்னிரண்டில் ஒரு பங்கு போய்விட்டது. இறகு உப்பியிருக்கும் பறவை கொழுத்ததுபோலத் தெரியும், கண் ஏமாறும், தராசு ஏமாறாது. இந்தப் புத்தகத்தில் சொல்லும் எல்லாப் பழக்கங்களிலும் ஒன்றே ஒன்றைத்தான் செய்ய முடியும் என்றால் இதைச் செய்யுங்கள்.

கிண்ணத்தையும் தினம் பாருங்கள். பட்ஜி தினையை அப்படியே விழுங்காது. அலகில் உருட்டி உமியை உரித்துக் கிண்ணத்திலேயே போட்டுவிட்டு அரிசியை மட்டும் தின்னும். மாலையில் எட்டிப் பார்த்தால் கிண்ணம் நிறைய இருப்பதுபோல் இருக்கும், வாயால் ஊதினால் உமி பறந்து அடியில் நாலு மணிகூட மிஞ்சாது. “தீனி நிறைய இருக்குது, அது திங்க மாட்டேங்குது” என்று சொல்லும் வீடுகளில் சில சமயம் பறவை பட்டினி கிடக்கிறது. இவ்வளவு சிறிய உடம்பு ஒரு முழு நாள் பட்டினி கிடந்தாலே உயிருக்கு ஆபத்து. காலையும் மாலையும் ஊதிவிட்டுப் புதுத் தினை போடுங்கள்.

மூன்றாவதாக எச்சம். கூண்டுத் தட்டில் வெள்ளைத்தாள் விரித்தால் நன்றாகத் தெரியும். சுருண்ட கரும்பச்சைப் பகுதி, அதன் மேல் வெள்ளைத் தொப்பி, சுற்றிக் கொஞ்சம் ஈரம் என்று மூன்றும் சேர்ந்ததே நல்ல எச்சம். எண்ணிக்கை குறைந்து, சிறுத்து, கறுத்துப் போனால் தீனி உள்ளே போகவில்லை. வெள்ளைப் பகுதி மஞ்சளாகவோ பளிச்சென்ற பச்சையாகவோ மாறினால் கல்லீரலைச் சந்தேகிக்க வேண்டும். தினை தினையாகவே வெளியே வந்தால் செரிமானம் கெட்டுவிட்டது. கீரை தின்ற அன்று எச்சம் தண்ணீராகப் போவது நோயல்ல.

பானைக்குள் நடப்பது

நம் பக்கத்தில் பெட்டைப் பறவை சோர்ந்து உட்கார்ந்தால் முதலில் முட்டையை நினைக்க வேண்டும். பெட்டையை அடையாளம் காண்பது எளிது. அலகுக்கு மேல் உள்ள மூக்குச் சதை வளர்ந்த ஆணுக்கு நீலம், பெட்டைக்குப் பழுப்பு.

கூண்டு வாங்கும்போதே சின்ன மண்பானையையும் சேர்த்துக் கட்டிக் கொடுத்துவிடுவது தமிழ்நாட்டுக் கடைகளின் வழக்கம். பானை இருக்கும் வரை பெட்டை முட்டை வைத்துக்கொண்டே இருக்கும். ஒரு நாள் விட்டு ஒரு நாளாக 4 முதல் 6 முட்டை, 18 நாள் அடை, பிறகு குஞ்சு கூட்டை விட்டு வெளியே வர ஒரு மாதத்துக்கு மேல். அந்தக் குஞ்சுகள் தானே தின்னப் பழகுமுன் அடுத்த முட்டை வந்துவிடும். ஒவ்வொரு முட்டை ஓட்டுக்கும் வேண்டிய சுண்ணாம்புச் சத்து தாயின் எலும்பிலிருந்துதான் போகிறது. வெறும் தினையில் அதை ஈடுகட்டும் அளவு சத்து கிடையாது. கடைசியில் தசைக்கு முட்டையை வெளியே தள்ளும் வலு இல்லாமல் போய், முட்டை உள்ளேயே சிக்கிவிடும். மார்கழி, தை மாதப் பனியில் இது அதிகம்.

அடிவயிறு புடைத்து, கால்களை அகட்டி, வாலை ஆட்டி முக்கிக்கொண்டு கூண்டுத் தரையில் குந்தியிருந்தால் முட்டை சிக்கியிருக்கிறது. சில சமயம் முட்டை நரம்பை அழுத்துவதால் கால் விளங்காததுபோலவும் இருக்கும். வயிற்றை அமுக்கி வெளியே எடுக்கப் பார்க்காதீர்கள். முட்டை உள்ளே உடைந்தால் பறவை பிழைப்பது கடினம். கதகதப்பான, ஈரப்பதமுள்ள இடத்தில் வைத்து அன்றைக்கே மருத்துவரிடம் கொண்டு போங்கள். கால்சியம் ஊசியும் சூடும் பல பெட்டைகளைக் காப்பாற்றியிருக்கின்றன.

இதைத் தடுப்பது நம் கையில்தான் இருக்கிறது. வருடத்துக்கு இரண்டு ஈடு முடிந்ததும் பானையைக் கழற்றி வையுங்கள். நாட்டு மருந்துக் கடையில் கடல் நுரை என்று கேட்டால் கணவாய் ஓடு கிடைக்கும், அதைக் கம்பியில் எப்போதும் கட்டி வையுங்கள். காலை இளவெயில் கொஞ்ச நேரம் படட்டும், ஏனென்றால் வெயில் இல்லாமல் சுண்ணாம்புச் சத்து உடம்பில் ஒட்டாது. முருங்கைக்கீரை, கொத்தமல்லி, முளைகட்டிய பச்சைப்பயறு, வாரத்தில் ஓரிரு நாள் வேகவைத்து உதிர்த்த முட்டை ஆகியவற்றைப் பழக்குங்கள்.

தீனி, காற்று, கூண்டு

சாமையும் கேழ்வரகும் விளையும் மாவட்டத்தில் சிறுதானியத்துக்குப் பஞ்சமில்லை. தினையோடு சாமையும் கொஞ்சம் கேழ்வரகும் கலந்து கொடுக்கலாம். ஆனால் உணவுக்கு விற்கும் தானியத்தை மட்டுமே வாங்குங்கள். விதைப்புக்காக வைத்த தானியத்தில் பூஞ்சணக்கொல்லி கலந்து விதை நேர்த்தி செய்திருப்பார்கள். வேளாண் அறிவியல் நிலையம் இருக்கும் பாப்பாரப்பட்டியில் உழவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. வீட்டில் மிஞ்சிய விதைத் தினையைப் பிள்ளைகள் தெரியாமல் அள்ளிப் போடாதபடி பார்த்துக்கொண்டால் போதும். மருந்தடித்த தோட்டத்துக் கீரையையும் அப்படியே கொடுக்காதீர்கள். தண்ணீரைப் பொறுத்தவரை, இந்த மாவட்டத்து ஆழ்துளைக் கிணறுகளில் ஃபுளோரைடு அதிகம் என்பதால்தான் 2013-இல் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டமே வந்தது. நீங்கள் குடிக்கும் தண்ணீரையே பறவைக்கும் வையுங்கள்.

காற்று விஷயத்தில் பறவை நம்மைவிடப் பலமடங்கு மென்மையானது. நுரையீரலோடு காற்றுப்பைகளும் சேர்ந்து இழுக்கும் காற்றை முழுதாகப் பயன்படுத்துகிற உடம்பு அது. அதனால் நல்ல காற்றைப் போலவே விஷமும் வேகமாக ஏறும். வெள்ளிக்கிழமை சாம்பிராணி, விறகடுப்புப் புகை, கொசுவத்திச் சுருள், கரப்பானுக்கு அடிக்கும் ஸ்பிரே எதுவும் கூண்டுப் பக்கம் வரக் கூடாது. நான்-ஸ்டிக் தவாவை அடுப்பில் வைத்து மறந்துபோய் அளவுக்கு மீறிச் சூடேறினால், அதன் பூச்சிலிருந்து கிளம்பும் ஆவி நிமிடங்களில் பறவையைக் கொல்லும். சமையலறையில் கூண்டே வேண்டாம். பட்டுப்புழு வளர்ப்பு மனையைப் பிளீச்சிங் பவுடரோ ஃபார்மலினோ போட்டுச் சுத்தம் செய்யும் நாளில் கூண்டைத் தூர எடுத்துப் போய்விடுங்கள். மருந்தடிக்காத மல்பெரிக் கிளையும் கொய்யாக் கிளையும் உட்காரும் குச்சிக்கு மிக நல்லவை.

புது ஜி.ஐ. வலையில் கூண்டு செய்தால் வினிகர் தொட்டுத் தேய்த்துக் கழுவிக் காயவைத்த பிறகே பறவையை விடுங்கள். வலையில் உதிரும் துத்தநாகத் துகளைக் கொறித்துத் தின்று, கால் தளர்ந்து, தண்ணீராகக் குடித்துக் கிடக்கும் பறவைகள் உண்டு. இரவில் ஒரு வெள்ளைத் துணியால் கூண்டை மூடி, விடிந்ததும் துணியின் உட்புறத்தையும் பானையின் இடுக்குகளையும் பாருங்கள். ஊசிமுனை அளவு சிவப்புப் புள்ளிகள் நகர்ந்தால் அவை இரவில் வந்து இரத்தம் குடிக்கும் உண்ணிகள். குஞ்சுகள் வெளிறிச் சாவதற்கும் தாய் சோர்வதற்கும் அவை காரணமாகலாம்.

நாள் முழுக்கக் கிண்ணத்தில் தலையை விட்டுக் கிடந்தும் இளைத்துக்கொண்டே போகிற பறவைக்கு வயிற்றில் ஒருவகைப் பூஞ்சை இருக்கலாம். பட்ஜிகளில் இது பரவலான நோய். எச்சத்தை நுண்ணோக்கியில் பார்த்தால் தெரியும், பூஞ்சைக்கான மருந்துதான் கேட்கும். வயதான பறவை ஒரு பக்கக் காலை மட்டும் இழுத்து நடந்தாலோ, ஆணின் நீல மூக்குச் சதை பழுப்பாக மாறினாலோ உள்ளே கட்டி இருக்க வாய்ப்புண்டு. பட்ஜிகளுக்குக் கட்டி வருவது சாதாரணம். அதை வீட்டில் குணப்படுத்த முடியாது.

முதல் ஒரு மணி நேரம்

சோர்ந்த பறவையைத் தனியே பிரித்து, ஒரு சின்னக் கூண்டிலோ காற்றோட்டத் துளையிட்ட அட்டைப் பெட்டியிலோ வையுங்கள். பறவையின் உடல் சூடு ஏறக்குறைய 41 டிகிரி. இறகை உப்புவது அந்தச் சூட்டைக் காப்பாற்றத்தான். தின்னாத பறவைக்குச் சூட்டை நாம்தான் கொடுக்க வேண்டும். பெட்டிக்குள் 28 முதல் 30 டிகிரி இருந்தால் நல்லது. 40 வாட் குண்டு பல்பை வெளியே ஒரு பக்கமாக வையுங்கள். எல்இடி பல்பு சூடு தராது. பல்பு இல்லாவிட்டால் வெந்நீர்ப் பாட்டிலைத் துண்டில் சுற்றி வைக்கலாம். பெட்டியின் மறுபக்கம் குளிர்ச்சியாக இருக்கட்டும், தனக்கு வேண்டிய இடத்துக்கு அதுவே நகர்ந்துகொள்ளும். இறகு ஒடுங்கி, வாயைத் திறந்து, சிறகை விரித்தால் சூடு அதிகம்.

உட்காரும் குச்சியைத் தரையோடு தாழ்த்தி, தினையும் தண்ணீரும் அலகுக்கு எட்டும் இடத்தில் வையுங்கள். முழுத் தினைக்கதிர் கிடைத்தால் அதைப் பக்கத்தில் சாய்த்து வையுங்கள். கிண்ணத்தைத் தொடாத பறவைகூடக் கதிரைக் கொத்திப் பார்க்கும். வாயைத் திறந்து தண்ணீர் ஊற்றாதீர்கள். மூச்சுக்குழாயின் வாய் நாக்குக்குப் பின்னாலேயே இருக்கிறது, நாம் ஊற்றும் தண்ணீர் அதற்குள் போய்விடும்.

சித்திரை வெயிலில் தகரக் கூரைக்கு அடியில் வாய் பிளந்து கிடக்கும் பறவைக்கு இந்தச் சூடு வேண்டாம். நிழலுக்குக் கொண்டுபோய், இறகில் லேசாகத் தண்ணீர் தெளித்து, கூண்டின் ஒரு பக்கம் ஈரத் துணி போடுங்கள். ஐஸ் தண்ணீர் கூடாது.

கடையில் கொடுக்கும் மஞ்சள் பொடி

சோர்வு என்று சொன்னதும் டெட்ராசைக்ளின் பொடியைத் தண்ணீரில் கலக்கிக் கொடுக்கச் சொல்லும் பழக்கத்தை நான் முழுமையாக எதிர்க்கிறேன். சிக்கிய முட்டைக்கு அது எதுவும் செய்யாது. பூஞ்சைக்கு, உண்ணிக்கு, துத்தநாகத்துக்கு, கட்டிக்கு, பட்டினிக்கும் அப்படியே. தண்ணீர் கசந்தால் பறவை குடிப்பதையும் நிறுத்திவிடும். பாக்டீரியா நோயாகவே இருந்தாலும் அரைகுறை அளவில் இரண்டு நாள் கொடுத்து நிறுத்தினால் நோய் பதுங்கிக்கொள்ளும். இந்தப் பொடியில் போகும் அந்த இரண்டு நாளில்தான் பல பறவைகள் போகின்றன.

அரசு கால்நடை மருந்தகத்தில் ஆடு, மாடுதான் அதிகம் வரும், ஆனாலும் தயங்காமல் போங்கள். அங்கே பறவைக்கு வசதி போதாவிட்டால் எங்கே போகலாம் என்றாவது சொல்வார்கள். 1985-இல் தொடங்கிய நாமக்கல் கால்நடை மருத்துவக் கல்லூரி நமக்கு எட்டும் தூரத்தில்தான் இருக்கிறது. பேருந்தில் போகும்போது பெட்டியைத் துணியால் மூடி, காற்று அடிக்காத பக்கம் மடியில் வையுங்கள். காலையில் விழுந்த எச்சத்தைத் தாளோடு எடுத்துப் போங்கள். வீட்டில் அது உட்கார்ந்திருந்த விதத்தைக் கைபேசியில் படம் பிடித்துக் காட்டுங்கள், ஏனென்றால் மருத்துவர் முன்னால் அது நிமிர்ந்து நின்றுவிடும். எடை எழுதிய காலண்டர் தாளையும் மறக்காதீர்கள்.

வளர்ப்பவருக்கும் ஒரு ஆபத்து உண்டு. கிளிக் காய்ச்சல் என்கிற நோய் காய்ந்த எச்சத்தின் தூசி வழியாக மனிதருக்கும் தொற்றும். 1929-30-இல் அர்ஜென்டினாவிலிருந்து போன கிளிகளால் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் பலர் இறந்தார்கள், அமெரிக்கா கிளி இறக்குமதியையே தடை செய்தது. பறவை சோர்ந்து பச்சையாகக் கழியும் நாட்களில் வீட்டில் யாருக்காவது கடும் தலைவலியோடு காய்ச்சலும் வறட்டு இருமலும் வந்தால், வீட்டில் பறவை வளர்ப்பதை டாக்டரிடம் சொல்லிவிடுங்கள். சொன்னால் சரியான மருந்து கிடைக்கும், குணமாகும். கூண்டைக் கூட்டும் முன் தண்ணீர் தெளித்துக்கொள்ளுங்கள், மூக்கையும் வாயையும் கட்டிக்கொள்ளுங்கள். கர்ப்பிணிகள் இந்த வேலையைச் செய்ய வேண்டாம்.

தென்னைப் பொந்திலிருந்து விழுந்த பச்சைக்கிளிக் குஞ்சு சோர்ந்து கிடந்தால் அதற்கும் முதலில் கதகதப்புதான் வேண்டும். ஆனால் பச்சைக்கிளியை வீட்டில் வளர்ப்பது வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் 1972-இன்படி குற்றம். வனத்துறையிடம் ஒப்படைத்துவிடுங்கள்.

கூட்டமாக வளர்க்கும்போது ஒன்று இறந்தால் புதைத்துவிட்டு மறந்துவிடாதீர்கள். உடலைப் பாலித்தீன் பையில் கட்டி, ஐஸ் கட்டிகளோடு அன்றைக்கோ மறுநாளோ கல்லூரிக்குக் கொண்டு போனால் அறுத்துப் பார்த்துக் காரணத்தைச் சொல்வார்கள். உறையவைக்கும் பெட்டியில் மட்டும் வைக்காதீர்கள், திசு சிதைந்துவிடும். மற்ற பறவைகளைத் தினமும் நிறுங்கள். பழைய மண்பானையை அப்புறப்படுத்தி, குச்சிகளை எரித்துவிட்டு, கூண்டைக் கழுவி நல்ல வெயிலில் காயவிடுங்கள். அடுத்துப் புதுப் பறவை வாங்கி வந்தால் 40 நாள் வேறு அறையில், வேறு கிண்ணத்தோடு வையுங்கள். தினமும் பழைய பறவைகளுக்குத் தீனி போட்டு முடித்த பிறகே புதியதன் கூண்டைத் தொடுங்கள்.